மாப்பிள்ளை ஊற்றிய எண்ணெயை நான் வடித்த விவரம்

என் பெயரையும் என் தகப்பனார் பெயரையும் காவலர் முதல் தாளின் தலையில் எழுதிக்கொண்டார். எங்கள் தெருவில் அந்தப் பெயரைச் சொல்லி விசாரித்தால் யாருக்கும் தெரியாது; ஐஸ்காரர் என்று கேட்டால் வீட்டு வாசல் வரை கொண்டுவந்து விடுவார்கள். வயது எழுபத்து மூன்று. இப்போது வேலை எதுவும் இல்லை, முன்பு ஐஸ் தொழிற்சாலையில் பாளம் தூக்கினேன். குடியிருப்பது, புகார் கொடுத்தவரின் எண்ணெய்க் கடைக்குப் பின்புறம் உள்ள வீட்டில், மாடிப்படிக்கு அடியில் உள்ள அறை. புகார் கொடுத்தவர் என் ஒரே மகளின் கணவர். தெருவில் எல்லோரும் அவரைப் புரொபசர் என்பார்கள். அவர் எந்தக் கல்லூரியிலும் பாடம் நடத்தியதில்லை. கடைக்கு வருகிறவர்களுக்கு நடத்துவார். நான் இதில் அவரை மாப்பிள்ளை என்றே குறிப்பிடுகிறேன். மரியாதை குறையாமல் எழுதுவேன்.

நான் சொல்லச் சொல்லக் காவலர் எழுதுவதாகத்தான் முதலில் இருந்தது. நானே எழுதுகிறேன் என்று கேட்டுக்கொண்டேன். நூலக மாடியில் நடக்கும் முதியோர் வகுப்பில் சென்ற ஆண்டுதான் எழுதப் படிக்கக் கற்றேன், ஆகையால் நேரமாகும் என்பதையும் மறைக்காமல் சொன்னேன். ஆய்வாளர் என்னைப் பார்த்தார், பிறகு சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தார், "எழுதுங்க பெரியவரே. வரிசையா எழுதுங்க, கதை எழுதாதீங்க" என்றார். நல்ல மேசை கொடுத்தார்கள். பேனா வழுக்கிக்கொண்டு போகிறது. வரிசையாக எழுதுகிறேன்.

என் மகள் வாடகைக் கார் ஓட்டுகிறாள். பல ஆண்டுகள் பிறர் வண்டியை ஓட்டிச் சேர்த்ததில் சொந்தமாக ஒரு சிறிய பெட்ரோல் கார் வாங்கினாள். டர்போ வைத்த வண்டி. வண்டி அவள் பெயரில் இருக்கிறது. விடியற்காலையில் மலை மேலுள்ள மருத்துவமனைக்குச் செவிலியர்களை ஏற்றிச் சென்று விட்டுவிட்டு, இரவு வேலை முடித்தவர்களை ஏற்றிக்கொண்டு இறங்குவாள். இதுதான் அவளுடைய நிலையான சவாரி, மற்றதெல்லாம் கிடைத்தால் உண்டு. மலைச்சாலையில் ஒரு பக்கம் பாறை, மறு பக்கம் ஒன்றுமில்லை. இந்த ஒன்றுமில்லை என்பதை விசாரிக்கிறவர்கள் கடைசி வரை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

வண்டியை ஒப்படைத்த நாளில் கம்பெனி ஆள் என் மகளிடம் இரண்டு விஷயங்கள் சொன்னார். எஞ்சின் மூடியில் எந்த எண் போட்டிருக்கிறதோ அந்த எண்ணுள்ள எண்ணெயைத் தவிர வேறு எதையும் ஊற்றக் கூடாது. மலை ஏறி நின்றதும் எஞ்சினை உடனே அணைக்காமல் கொஞ்சம் சும்மா ஓடவிட்டு அணைக்க வேண்டும். நான் பக்கத்தில் நின்று கேட்டேன். மகள் இரண்டையும் திருப்பிச் சொல்லிக் காட்டினாள். மாப்பிள்ளையும் அங்கேதான் இருந்தார். அவர் வண்டியின் பக்கக் கண்ணாடியில் தலை சீவிக்கொண்டிருந்தார்.

அதன் பிறகு, இலவசமாகச் செய்து தரும் சர்வீஸ்கள் முடியும் வரை வண்டி கம்பெனிக்கே போய்வந்தது. அவை முடிந்ததும் மாப்பிள்ளை, வீட்டில் எண்ணெய்க் கடை வைத்துக்கொண்டு வெளியே போய் எண்ணெய் ஊற்றினால் ஊரே காறித் துப்பும் என்றார். ஊர் அப்படித் துப்பி நான் பார்த்ததில்லை.

மாப்பிள்ளை எண்ணெய் விற்கும் முறையை இங்கே சொல்ல வேண்டும், ஏனென்றால் எல்லாம் அதில்தான் தொடங்கியது. கடை மேசையில் உயரமான கண்ணாடிப் புட்டிகள் வரிசையாக நிற்கும். ஒவ்வொன்றிலும் ஒரு வகை எண்ணெய், ஒவ்வொன்றிலும் ஒரு கோலிக்குண்டு. வாடிக்கையாளர் வந்ததும் மாப்பிள்ளை புட்டிகளை ஒரே நேரத்தில் தலைகீழாகக் கவிழ்ப்பார். மெல்லிய எண்ணெயில் குண்டு சட்டென்று விழும். கெட்டி எண்ணெயில் கல்யாண வீட்டில் கடைசிப் பந்திக்கு வருகிறவரைப் போல மெதுவாக இறங்கும். எதில் குண்டு கடைசியாகத் தரை தொடுகிறதோ அதுதான் முதல் தரம் என்பது மாப்பிள்ளையின் கண்டுபிடிப்பு. மொபெட்டுக்கும் அதே சோதனை, டிராக்டருக்கும் அதே சோதனை. வருகிறவர்கள் வாயைப் பிளந்து பார்ப்பார்கள். தன் வண்டி என்ன வண்டி என்று ஒருவரும் சொல்வதில்லை, மாப்பிள்ளையும் கேட்பதில்லை. குண்டுதான் முடிவு செய்யும். தெருவில் எண்ணெய் வாங்கப் போகிறேன் என்று யாரும் சொல்ல மாட்டார்கள், குண்டு பார்க்கப் போகிறேன் என்பார்கள். படிப்பு, பதவி, நரைமுடி உள்ள மனிதர்கள் ஒரு கோலிக்குண்டைக் கேட்டு எஞ்சினுக்கு எண்ணெய் ஊற்றினார்கள் என்பதை நான் கண்ணால் பார்த்திராவிட்டால் நம்பியிருக்க மாட்டேன்.

எப்போதும் கடைசியாக வருகிற குண்டு, பழைய லாரிகளுக்கு ஊற்றும் இருபது ஐம்பது என்று எண் போட்ட கெட்டி எண்ணெயில் உள்ளது. அதைத்தான் மாப்பிள்ளை என் மகளின் வண்டியில் ஊற்றினார். ஊற்றிவிட்டு, கடை வாசலில் ஒரு பலகை மாட்டினார்: 'என் மனைவியின் காரே இதில்தான் ஓடுகிறது.'

அன்று நான் எஞ்சின் மூடியில் இருந்ததை வாசித்தேன். ஜீரோ, பிறகு டபிள்யூ என்ற ஆங்கில எழுத்து, பிறகு இருபது. அப்போது எதைக் கண்டாலும் வாசிக்கிற வழக்கம் எனக்கு இருந்தது. வாசித்ததை மாப்பிள்ளையிடம் சொன்னேன்.

"மாமா, ஜீரோன்னா என்ன?" என்றார்.

"ஒண்ணுமில்லைன்னு அர்த்தம்."

"ஒண்ணுமில்லாததை ஊத்தச் சொல்றான் கம்பெனிக்காரன். என்கிட்ட அம்பது இருக்கு. ஜீரோ பெருசா, அம்பது பெருசா? நீங்களே சொல்லுங்க."

கடையில் இருந்தவர்கள் சிரித்தார்கள். ஐம்பதுதான் பெரியது என்று நானும் ஒப்புக்கொண்டேன். கணக்கில் தப்பில்லை. செருப்பிலும் எட்டை விடப் பத்து பெரியது, அதற்காக யாரும் பத்தை மாட்டிக்கொண்டு நடப்பதில்லை என்று சொல்ல வந்தேன். அதற்குள் அடுத்த வாடிக்கையாளருக்குப் புட்டியைக் கவிழ்த்துவிட்டார்.

அதன் பிறகு சில வாரங்களில் வண்டி பேச ஆரம்பித்தது. விடியற்காலைக் குளிரில் கிளப்பியதும், டப்பாவில் ஆணியைப் போட்டு ஆட்டுவது போல் ஒரு சத்தம் வரும், கொஞ்ச நேரத்தில் அடங்கும். மலையில் மெதுவாகப் போய்க்கொண்டிருக்கும்போது மகள் அழுத்தி மிதித்தால், யாரோ உள்ளிருந்து சுத்தியலால் அடித்தது போல் டங்கென்று ஒரு சத்தம். எப்போதாவதுதான் வரும். ஒரு செவிலியர் பயந்து, "அக்கா, கல்லு பட்டுச்சா?" என்று கேட்டதாக மகள் சொன்னாள். மாப்பிள்ளையிடம் சொன்னதற்கு, அது கெட்டி எண்ணெய் எஞ்சினுக்குள் இறங்கி உட்காரும் சத்தம் என்றார். உட்கார்ந்து முடிக்க அதற்கு இரண்டு மாதம் போதவில்லை.

அதன் பிறகு நானும் மகளும் வண்டியைச் சோடாபுட்டி என்கிற மெக்கானிக்கிடம் கொண்டுபோனோம். தடித்த கண்ணாடி போட்டிருப்பதால் அந்தப் பெயர். கம்பெனி பட்டறையில் பல ஆண்டுகள் வேலை பார்த்துவிட்டுத் தனியாகக் கடை போட்டவர். குணம் நல்ல குணம் அல்ல. அவர் எண்ணெய் அளவு பார்க்கும் கம்பியை உருவினார், விரலில் தொட்டார், மகளைப் பார்த்தார்.

"யாரும்மா இதை ஊத்தினது?"

"வீட்டுக்காரர்."

"சண்டையா உங்களுக்குள்ள?"

மகள் சிரிக்கவில்லை. அவர் அதன் பிறகு விளக்கமாகச் சொன்னார். எனக்குப் புரிந்த அளவு எழுதுகிறேன். எஞ்சினிலிருந்து வெளியேறும் சூடான புகை ஒரு சின்னக் காற்றாடியைச் சுற்றுகிறது, அது அதே தண்டில் இருக்கும் இன்னொரு காற்றாடியைச் சுற்றி எஞ்சினுக்குள் காற்றைத் திணிக்கிறது. டர்போ என்பது இவ்வளவுதான். "அந்தத் தண்டு நிமிஷத்துக்கு லட்சம் சுத்துக்கு மேல சுத்தும் ஐயா. அதைத் தாங்குறதே எண்ணெய்தான், எண்ணெய் மேல மிதக்குது. காலையில குளிர்ல கிளப்புறீங்க. உங்க எண்ணெய் தூங்கி எந்திரிச்சு, சோம்பல் முறிச்சு, அங்க போய்ச் சேர்றதுக்குள்ள தண்டு தேய்ஞ்சிடும். சாயங்காலம் அதே எண்ணெய் அங்க இருக்கற சூட்டுல கருகிக் குழாய்ல ஒட்டிக்கும்."

"அந்த டங்குச் சத்தம்?" என்று மகள் கேட்டாள்.

"அதுதான் பெரிய வினை. இது டர்போ பெட்ரோலுக்குச் செஞ்ச எண்ணெயே இல்ல. ஏத்தத்துல மெதுவாப் போய் மிதிக்கும்போது, பிளக் பொறி வைக்கறதுக்கு முன்னாடியே உள்ள தானாப் பத்திக்குது. ஒவ்வொரு தடவையும் பிஸ்டன் மேல ஒரு சம்மட்டி அடி. ஒருநாள் உடையும். சமதரையில உடைஞ்சா தள்ளிக்கிட்டு வரலாம்." பிறகு அவர் மலை இருக்கும் திசையைப் பார்த்தார். 

அப்படியானால் எந்த எண்ணெய் நல்லது என்று நான் கேட்டேன். "நல்லது கெட்டது எல்லாம் இல்ல ஐயா. மூடியில என்ன எண் இருக்கோ அந்த எண். டப்பாவுக்குப் பின்னாடி, இது டர்போ பெட்ரோலுக்கு ஆகும்னு தரக்குறி போட்டிருப்பான், அதையும் பாக்கணும். மலை ஏறுற வண்டி, அதனால சொன்ன தூரத்துக்குக் கொஞ்சம் முன்னாடியே மாத்திடணும். அவ்வளவுதான் வித்தை. கோலி விளையாட வேண்டியதில்ல." மாப்பிள்ளையின் புகழ் அவர் வரைக்கும் போயிருந்தது.

அன்றே எண்ணெயை மாற்றியிருப்போம். அந்த எண்ணெய் அவரிடம் அப்போது இல்லை, வரவழைக்க ஒருநாள் ஆகும் என்றார். வீட்டுக்கு வந்து மகள் மாப்பிள்ளையிடம் சொன்னாள். நான் படிக்கட்டுக்கு அடியில் என் அறையில் இருந்தேன், சுவர் மெல்லிய சுவர்.

"வெளிய எண்ணெய் மாத்தினே, நாளைக்குக் கடையில நான் எப்படி உக்கார்றது? வாசல்ல போர்டு தொங்குது."

"போர்டைக் கழட்டுங்க."

"கழட்டினா ஏன் கழட்டினேன்னு கேப்பாங்க."

"மலையில நின்னு போச்சுன்னா?"

"நிக்காது. நான் சொல்றேன்ல."

அவர் இதுவரை அந்த மலைக்கு ஒருமுறை கூடப் போனதில்லை. வளைவில் தலை சுற்றும் என்பார். மகள் வெளியே வந்து என்னிடம், "விடுங்கப்பா. இந்த வாரம் ஓட்டிட்டு அப்புறம் பாத்துக்கலாம்" என்றாள். அவள் முகம் சரியாக இல்லை. கடையின் மானம் ஒரு பக்கமும் ஒன்றுமில்லை மறு பக்கமுமாக அவள் ஒரு வாரம் வண்டி ஓட்ட வேண்டியிருந்தது.

மறுநாள் நான் ஒரு முயற்சி செய்தேன். பழைய தொழிற்சாலையில் கேட்டு ஒரு சாக்கு நிறைய ஐஸ் வாங்கி, உப்புப் போட்டு வாளியில் நிரப்பி, கடையில் ஆட்கள் இருக்கும் நேரமாகப் பார்த்துக் கொண்டுபோனேன். லாரி எண்ணெய்ப் புட்டியையும் மெல்லிய எண்ணெய்ப் புட்டி ஒன்றையும் அதில் புதைத்தேன். மலையில் விடியற்காலை இவ்வளவு குளிராது, இருந்தாலும் பார்ப்பவர்களுக்குப் புரியட்டும் என்று நினைத்தேன். நன்றாகக் குளிர்ந்ததும் எல்லோர் முன்னாலும் இரண்டையும் கவிழ்த்தேன். மெல்லிய எண்ணெயில் குண்டு இறங்கிவிட்டது. லாரி எண்ணெயில் குண்டு கிளம்பவே இல்லை. நாங்கள் எல்லோரும் குனிந்து பார்த்தோம். அது மேலேயே தொங்கியது, பிறகு மயிரிழை மயிரிழையாக நகர்ந்தது. "காலையில எஞ்சின் இப்படித்தான் எண்ணெய்க்குக் காத்துக்கிட்டு நிக்குது" என்று சொன்னேன்.

மாப்பிள்ளை புட்டியை வாங்கி உயர்த்திப் பிடித்தார். அவர் கண்ணில் தண்ணீரே வந்துவிட்டது.

"பாத்தீங்களா? ஐஸ்ல வச்சும் எப்படி நிக்குது! இதுக்கு மேல என்ன சோதனை வேணும்?"

கூட்டம் கைதட்டியது. அன்று லாரி எண்ணெய் தீரும் வரை விற்றது. அதில் ஒருவர் தையல் மெஷினுக்கு வாங்கிப் போனார். அதன் பிறகு மாப்பிள்ளை தினமும் ஐஸ் கொண்டுவர முடியுமா என்று என்னிடம் கேட்டார்.

அன்று மாலை நான் எண்ணெயை வடித்தேன். அதன் விவரம்: மகள் விடியுமுன் எழ வேண்டும் என்பதால் விளக்கு வைக்கும் நேரத்திலேயே படுத்துவிட்டாள். மாப்பிள்ளை கடையில் இருந்தார். நான் வீட்டுப் பின்புறம் நிறுத்தியிருந்த காருக்கு அடியில், துணி துவைக்கும் அகலப் பாத்திரத்தைத் தள்ளி, எஞ்சினுக்குக் கீழே உள்ள திருகாணியைக் கழற்றினேன். சோடாபுட்டி இன்னொரு வண்டிக்குக் கழற்றும்போது பார்த்திருக்கிறேன். எண்ணெய் முழுவதும் இறங்கியது. கருப்பாக, புளித்த நெடியோடு இறங்கியது. வண்டி ஓடாவிட்டால் மலையும் இல்லை, போர்டைக் கழற்றும் பேச்சும் இல்லை. கிழவன் புத்தி கெட்டுச் செய்துவிட்டான் என்று பழியை என் மேல் போட்டுவிட்டு மகள் நல்ல எண்ணெய் ஊற்றிக்கொள்ளலாம். இதுதான் என் எண்ணம். செவிலியர்கள் நடுத்தெருவில் நிற்கக் கூடாது என்பதால், அதன் பிறகு கார் நிறுத்தத்துக்குப் போய், வேன் ஓட்டுகிற மகளின் சிநேகிதியிடம் காலைச் சவாரியைப் பார்த்துக்கொள்ளச் சொல்ல வேண்டும் என்றும் முடிவு செய்தேன்.

போகுமுன் ஒரு தாளில் பெரிய எழுத்தில், 'எண்ணெய் இல்லை. கிளப்பாதே' என்று எழுதி ஸ்டியரிங்கில் ஒட்டினேன். பிழை இல்லாமல் எழுதினேன். அந்தத் தாள் இப்போது ஆய்வாளரிடம் இருக்கிறது.

இங்கே ஒரு விஷயம் சொல்ல வேண்டும். எழுதக் கற்ற நாளிலிருந்து நான் வீட்டில் உள்ள பொருள்களில் அவற்றின் பெயரை எழுதி ஒட்டிவந்தேன். கதவில் கதவு, வாளியில் வாளி, உப்பு டப்பாவில் உப்பு, சர்க்கரை டப்பாவில் இது உப்பு அல்ல. மாப்பிள்ளையின் தலையணையில் தலையணை. முதல் சில நாள் எல்லோரும் வாசித்தார்கள், பிறகு நிறுத்திவிட்டார்கள். நான் எழுதியதை வீட்டில் யாரும் வாசிப்பதில்லை என்பது அன்று வரை எனக்குத் தெரியாது.

நான் கார் நிறுத்தத்தில் பேசிவிட்டுத் திரும்பும்போது, தெருமுனையிலேயே என் மகளின் வண்டிச் சத்தம் கேட்டது. மாப்பிள்ளை யாரோ இரண்டு வாடிக்கையாளர்களைக் கூட்டிவந்து, "எண்ணெயைப் பத்தி நான் ஏன் சொல்லணும், எஞ்சினே சொல்லும்" என்று தன்னிடமிருந்த இரண்டாவது சாவியால் வண்டியைக் கிளப்பியிருந்தார். நான் ஓடினேன். என் வயதில் ஓட்டம் என்பது வேகமான நடைதான். ஸ்டியரிங்கில் ஒட்டியிருந்த தாளை அவர் கிழித்துக் கையைத் துடைத்திருந்தார். ஸ்டியரிங்குக்கு முன்னால் சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. எண்ணெய்க் குடத்தின் படம் போட்ட விளக்கு. எழுத்துத் தெரியாதவர்களுக்காகவே வைத்தது. எழுத்துத் தெரியாத காலத்தில்கூட எனக்கு அது புரிந்திருக்கும்.

"அணைங்க மாப்பிள்ளை! எண்ணெய் இல்ல!" என்று கத்தினேன்.

அவர் என்னை நோக்கிக் கையைக் காட்டினார். "இருங்க மாமா, இவங்க கேக்கட்டும்" என்று இன்னும் அழுத்தி மிதித்தார். வாடிக்கையாளர்கள் தலையாட்டினார்கள். "என்னா சுருதி பாருங்க" என்றார் மாப்பிள்ளை. அந்தச் சுருதி மேலே போனது, கரகரத்தது, ஒரு கணம் இரும்பு இரும்பைக் கடித்தது, அதன் பிறகு நின்றுவிட்டது. வாடிக்கையாளர்களில் ஒருவர், "முடிஞ்சுதா?" என்று கேட்டார், பாட்டுக் கச்சேரியில் கேட்பது போல.

மகள் எழுந்து வந்தாள். வண்டியைப் பார்த்தாள், அடியில் இருந்த பாத்திரத்தைப் பார்த்தாள், என்னையும் அவரையும் பார்க்கவில்லை. உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். அதன் பிறகு இரண்டு நாள் அவள் என்னிடம் பேசவில்லை. சாப்பாடு மட்டும் வாசலில் வைத்திருப்பாள்.

மறுநாள் மாப்பிள்ளை, நான் பொறாமையால் வண்டியை நாசம் செய்ததாகப் புகார் கொடுத்தார். என்ன பொறாமை என்று புகாரில் இல்லை. வடித்த எண்ணெயைத் தனக்குத் திருப்பித் தர வேண்டும், வடிகட்டினால் இன்னொரு வண்டிக்கு ஆகும் என்றும் அதில் கேட்டிருக்கிறார். அந்த எண்ணெய் இப்போது பாத்திரத்தோடு நிலைய வராந்தாவில் இருக்கிறது, ஒரு ஈ விழுந்திருக்கிறது.

ஆய்வாளர் சோடாபுட்டியை அழைத்து எஞ்சினைத் திறக்கச் சொன்னார். அவர் திறந்து பார்த்துச் சொன்னதை என் பக்கம், மாப்பிள்ளை பக்கம் என்று பார்க்காமல் எழுதுகிறேன். கீழே தண்டைத் தாங்கும் பேரிங்குகள் உருகியது அன்று மாலை நடந்தது, எண்ணெய் இல்லாமல் ஓடியதால். அதற்கு எண்ணெயை வடித்தவனும் மிதித்தவரும் பங்கு போட்டுக்கொள்ளலாம் என்றார். மேலே ஒரு பிஸ்டனில் விரிசல், விரிசலுக்குள் கரி படிந்திருந்தது. "இது பழசு. இந்த எண்ணெய் போட்ட அடி." டர்போவுக்குப் போகும் எண்ணெய்க் குழாயில் ஒரு குச்சி நுழையும் அளவுக்குத்தான் வழி இருந்தது. இன்னும் எத்தனை ஏற்றம் தாங்கியிருக்கும் என்று ஆய்வாளர் கேட்டார். அதைச் சொல்ல முடியாது, நாளைக்கும் இருக்கலாம், நாலு மாதமும் ஆகலாம் என்றார் சோடாபுட்டி. மாப்பிள்ளை உடனே, "நாலு மாசம்னு சொல்றாரு, எழுதிக்குங்க" என்றார்.

இவ்வளவையும் நான் எழுதி முடித்த இடத்தில் ஆய்வாளர் தாள்களை வாங்கிப் படித்தார். கோலிக்குண்டு வரும் பக்கத்தை இரண்டு முறை படித்தார். பிறகு எழுந்து ஜன்னலருகே போய், வெளியே நிற்கும் தம் சொந்தக் காரைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"பெரியவரே, என்னோடதும் டர்போ பெட்ரோல்தான்."

"யார்கிட்ட எண்ணெய் மாத்தினீங்க?"

அவர் காரிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "குண்டு கடைசியாத்தான் வந்துச்சு" என்றார். காவலரைக் கூப்பிட்டுச் சோடாபுட்டியின் கடை எத்தனை மணி வரை திறந்திருக்கும் என்று விசாரிக்கச் சொன்னார். இதை எழுத வேண்டாம் என்றார். வரிசையாக எழுதச் சொன்னதால் எழுதிவிட்டேன்.

அதன் பிறகு என் மகள் வந்தாள். மாப்பிள்ளையும் பின்னால் வந்தார். வண்டி உங்கள் பெயரில் இருக்கிறது, ஆகவே நீங்கள் சொல்வதுதான் முக்கியம், யார் மேல் புகார் என்று ஆய்வாளர் அவளிடம் கேட்டார். நான் பேனாவை மூடிவைத்தேன். அவள் என்னைப் பார்த்தாள்.

"அப்பா, என்கிட்ட ஏன் சொல்லல?"

"தூங்கிட்டு இருந்தே."

"எழுப்பணும். என் வண்டிப்பா அது. எழுதி ஒட்டிட்டுப் போயிட்டீங்க. வீடு பூரா ஒட்டி வச்சிருக்கீங்க, எதைன்னு படிக்கறது?"

"பிழை இல்லாமத்தான் எழுதினேன்."

"இனிமே முக்கியமானதை மட்டும் எழுதுங்க. வாளின்னு எழுதித்தான் எனக்கு வாளி தெரியணுமா?"

 மாப்பிள்ளையைப் பற்றி இத்தனை பக்கம் எழுதத் தெரிந்த எனக்கு, நாலு அடி நடந்து ஒரு கதவைத் தட்டத் தெரியவில்லை. மாப்பிள்ளை, "அதான் நானும் சொல்றேன்" என்று ஆரம்பித்தார். அவள் அவர் பக்கம் திரும்பினாள்.

"உங்க சாவியைக் குடுங்க."

"எதுக்கு?"

"குடுங்க."

அவர் பையில் தேடினார், இன்னொரு பையில் தேடினார், மேசையில் வைத்தார். அவள் ஆய்வாளரிடம், "யார் மேலயும் புகார் இல்ல சார். எஞ்சினை இவர் செலவுல கட்டித் தரணும், சோடாபுட்டி அண்ணன்கிட்டதான். அதுவரைக்கும் நான் சிநேகிதியோட வேன்ல காலைச் சவாரி ஓட்டிக்கறேன், அவ ராத்திரி ஓட்டுவா. இனிமே அந்த வண்டிக்கு எண்ணெய் நான் வாங்குவேன், மூடியில போட்டிருக்கற எண்ணுள்ள எண்ணெய்" என்றாள்.

"கடைக்கு வர்றவங்க கேட்டா நான் என்ன பதில் சொல்றது?" என்றார் மாப்பிள்ளை.

"போர்டை மாத்துங்க."

"என்னன்னு மாத்தறது?"

நான் எழுதித் தருகிறேன் என்றேன். மாப்பிள்ளை வாசலைப் பார்த்து நடந்தார். போகும்போது மகள் மட்டும், "முடிச்சிட்டுச் சீக்கிரம் வாங்கப்பா, சாப்பாடு மேசையில இருக்கும்" என்றாள். வாசலில் என்று சொல்லவில்லை.

ஆய்வாளர், புகாரை முடித்துவைப்பதற்கும் இந்த வாக்குமூலம் கோப்பில் வேண்டும், ஆகையால் முடித்துக் கையெழுத்துப் போடுங்கள் என்றார். முடிக்கிறேன். இதில் எழுதியுள்ள எல்லாம் நான் பார்த்ததும், கேட்டதும், என் கையால் செய்ததும்தான். யாரும் மிரட்டியோ சொல்லிக் கொடுத்தோ எழுதவில்லை. ஒரு சொல்லும் பொய் இல்லை, முக்கியமில்லாதது எதுவும் இல்லை. இதை வாங்குகிற அதிகாரி யாராக இருந்தாலும், முழுதும் படித்த பிறகே தம் வண்டியின் சாவியைத் திருப்பும்படி கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஐஸ்காரர்
(முழுப்பெயரில் கையெழுத்து, முதல் தாளில் உள்ளபடி)